நூலாவின் ரொட்டி கருகும் நாள்

"டீச்சர், எங்க ரிக்கார்டுல உயிரே இல்ல," என்றார் ஃபின்டன்.

நூலா மாவு பிசைந்துகொண்டிருந்தார். அயர்லாந்தின் மேற்குக் கரையில் ஒரு சின்ன ஊர். அங்கே இருந்தது அவருடைய பேக்கரி ஒன்றுதான். பிடில் கற்றுக்கொடுப்பதும் அதே அடுப்படியில்தான். ஃபின்டனைவிடப் பத்து வயது இளையவர். இருந்தாலும் ஃபின்டனுக்கு டீச்சர் டீச்சர்தான்.

"தப்பா வாசிச்சீங்களா?"

"ஒரு சுரம் பிசகல. நாப்பத்து மூணு தடவை வாசிச்சோம். ஸ்டூடியோ இன்னும் நாளை ஒரு நாள்தான். எங்க முதல் ரிக்கார்டு, டீச்சர். இது எடுபடலைன்னா நம்ம பழைய மெட்டுகளை இனிமே எந்தக் கம்பெனியும் சீந்தாது."

"போடுங்க, கேப்போம்."

டேப் ஓடியது. ஐந்து பேர் சேர்ந்து வாசித்த துள்ளல் மெட்டு. ரொட்டி வெந்துகொண்டிருந்த அடுப்பையே ஃபின்டன் பார்த்துக்கொண்டிருந்தார். நூலாவின் ரொட்டி கருகினால் யாரோ நன்றாக வாசித்திருக்கிறார்கள் என்பது அந்த ஊரில் பச்சைக் குழந்தைக்கும் தெரியும். மெட்டு பிடித்துவிட்டால் ஆட ஆரம்பித்துவிடுவார், மகராசி. அப்புறம் அடுப்பாவது, ரொட்டியாவது!

மெட்டு முடிந்தது. நூலா சரியான நேரத்தில் அடுப்பைத் திறந்தார்.

ரொட்டி பொன்னிறம்.

பாவம், ஃபின்டனுக்கு அழுகையே வந்துவிட்டது.

"ஷூவை எங்க விட்டீங்க?" என்று கேட்டார் நூலா.

ஃபின்டன் குனிந்து பார்த்தார். காலில்தான் இருந்தது.

"இங்க இல்ல. ஸ்டூடியோவுல."

"அங்கயா... கழட்டி வாசல்ல வெச்சோம். கால் தட்டுறது மைக்ல விழுதுன்னாங்க. பட்டணத்து ஜனங்க கேக்கிறது, பட்டிக்காட்டான்னு சிரிச்சிடுவாங்களோன்னு எங்களுக்கும் வெக்கம். கீழ கம்பளி வேற விரிச்சோம்."

நூலா சுவரில் மாட்டியிருந்த பிடிலை எடுத்துக் கொடுத்தார். காலி மாவுச் சாக்கை மடித்து ஃபின்டனின் காலடியில் போட்டார்.

ஃபின்டன் வாசித்தார். ஒரு சுரம் பிசகவில்லை.

பாதி மெட்டில் நூலா சாக்கைச் சரக்கென்று உருவினார். தாளம் போட்ட ஷூக்கால் பலகைத் தரையில் பட்டது.

டக். டக். டக்.

வில் தானாகத் துள்ளியது.

ஃபின்டன் சட்டென்று நிறுத்தினார். பிடிலை நூலாவின் கையில் திணித்துவிட்டு வாசலுக்கு ஓடினார்.

"டேப்பை விட்டுட்டுப் போறீங்களே!"

"அது வேண்டாம், டீச்சர்!"

மூன்று மாதத்தில் ரிக்கார்டு வந்தது. முதல் பிரதியை நூலாவிடம் கொடுத்தார் ஃபின்டன். உள்ளே உட்கார்ந்து கேட்கத் தைரியம் வரவில்லை. வெளியே வந்து ரொட்டி வரிசையில் கடைசி ஆளாக நின்றுகொண்டார்.

கொஞ்ச நேரத்தில் கருகல் வாசனை தெருவெல்லாம் பரவியது.

"போச்சு!" என்று சிரித்தபடி திரும்பினார் முன்னால் நின்ற தபால்காரர். "இன்னைக்கு யாருங்க வாசிக்கிறது?"

 ஃபின்டனின் கால் தெருக்கல்லில் தட்டிக்கொண்டிருந்தது.