சிறகைக் கழற்றி வைத்த ஈ

அந்தக் காலத்தில், மலைக்கு வாயும் மரத்துக்குக் காதும் இருந்த காலத்தில், எல்லா ஈக்கும் ஒரே வழக்கம்தான். அழுகல் பழமோ குப்பையோ, கண்ட இடத்தில் முட்டையைக் கொட்டு; திரும்பிப் பார்க்காமல் பற. திரும்பிப் பார்த்தால் குலத்துக்கு ஆகாது என்பார்கள்.

அந்தக் குலத்தில் சிறகாயி என்று ஓர் ஈ இருந்தாள். பெயருக்கேற்ற சிறகு. எதிர்க்காற்றில் அவளை முந்த ஆள் கிடையாது. அந்தக் கர்வமும் அவளுக்கு இருந்தது.

ஒருநாள் மழைக்கு ஒதுங்க ஆனைக்கல் குகைக்குள் நுழைந்தாள். அங்கே தொங்காயி என்ற வௌவால் தலைகீழாகத் தொங்கியபடி, மார்பில் ஒட்டிக்கிடந்த குட்டிக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தாள்.

"என்னக்கா, ஒண்ணே ஒண்ணுதானா?" என்று சிரித்தாள் சிறகாயி. "நான் வர்ற வழியிலேயே ஒரு குவியல் போட்டுட்டு வந்தேன்."

"அப்படியா தாயி? அதுல மூத்தது கறுப்பா, சிவப்பா?"

மழை விட்டதும் சிறகாயி, எந்த ஈயும் செய்யாத காரியத்தைச் செய்தாள். திரும்பிப் பார்க்கப் போனாள். முட்டையிட்ட பழத்தை எறும்புகள் சுத்தமாகத் துடைத்துவிட்டிருந்தன. கடைசி முட்டையைத் தூக்கிக்கொண்டு போன எறும்பு, "வழிய விடு" என்று அவளையே விலகச் சொல்லிவிட்டுப் போனது.

நேரே குகைக்குத் திரும்பினாள்.

"அக்கா, எனக்கும் ஒண்ணு போதும். ஆனா அது பிழைக்கணும். எறும்பு ஏறாத இடம் உன் ரோமம்தான். இடம் கொடு."

"கொடுத்தா, என்னத்தக் குடிப்பே?"

"உன் ரத்தம்தான். ஒளிப்பானேன்?"

தொங்காயிக்கு அந்த நேர்ப்பேச்சு பிடித்துவிட்டது. "சரி, வா. ஆனா அரிச்சா சொறிவேன். நகத்துல அகப்பட்டா நசுக்குவேன். அது வேற, இது வேற."

"நசுங்காம இருக்கறது என் பாடு."

அந்தி சாய்ந்ததும் தொங்காயி இரை தேடிப் பறந்தாள். காற்று சிறகாயியின் சிறகைப் பிடித்து இழுத்து, ரோமத்திலிருந்து பிய்த்துப் பாறையில் வீசியது. மறுநாளும் அதே கதிதான்.

"உன் சிறகுதான் உன்னைப் புடுங்குது," என்றாள் தொங்காயி. "சிறகு போனா ஈ ஏது? வெயிலுக்கே போயிடு, தாயி."

சிறகாயி வெளியே போனாள். மலையை ஒரு சுற்றுச் சுற்றினாள். எதிர்க்காற்றில் ஏறி, மரங்களுக்கு மேலே போய், ஆசைதீரப் பறந்தாள். பிறகு குகை வாசலில் இறங்கினாள். பின்னங்காலை ஊன்றி, ஒரு சிறகை முறித்தாள். மற்றதையும் முறித்தாள். இரண்டையும் பாறை இடுக்கில் வைத்துவிட்டு நடந்து உள்ளே போனாள்.

அதற்குப் பிறகு எந்தக் காற்றும் அவளை அசைக்கவில்லை. நகம் வந்தால் உடம்பைத் தட்டையாக்கினாள். தலையை முதுகோடு மடித்துக்கொண்டாள். வயிற்றில் ஒரே ஒரு முட்டையை வைத்துக் காத்தாள். அது உள்ளேயே பொரிந்தது. உள்ளேயே பால் ஊறியது. புழு வளர்ந்து முற்றியதும், சுவருக்கு இறங்கி வந்து அதைப் பெற்றுப் பாறையில் ஒட்டவைத்தாள். அதன் மேல்தோல் இறுகி, கருத்த மணிபோல ஒரு கூடாகிவிட்டது.

சேதி வெளியே போயிற்று. மாட்டு ஈக்களின் தலைவர் கொம்பாண்டி, கூட்டத்தோடு குகைக்கு வந்தார்.

"ஏம்மா சிறகாயி, இனி உன்னை என்னன்னு கூப்பிட?" என்றார். கூட்டம் சிரித்தது.

"இதென்ன, பாறைக்கு மரு முளைச்சிருக்கு?" என்றது ஓர் ஈ.

"அதுதான் என் பிள்ளை."

"கல்லாப் போனதையா பிள்ளைங்கறே? சிறகும் போச்சு, பிள்ளையும் போச்சு. குலத்துக்கே தலைகுனிவு," என்றார் கொம்பாண்டி.

சிறகாயி மணியின் பக்கத்திலேயே நின்றாள். உள்ளே அசைவே இல்லை. இதுவும் போய்விட்டால் அவளுக்கு வேறொன்றும் இல்லை. பறந்து போகவும் வழியில்லை.

அப்போது இரை முடித்துத் தொங்காயி திரும்பி வந்து, மணிக்கு அருகில் தொங்கினாள். அவள் உடம்புச் சூடு பாறையில் பட்டது. மணி வெடித்து மூடி திறந்தது. வளர்ந்த ஆளாகவே ஒன்று வெளியே வந்தது. சிறகில்லை. கால்கள் மட்டும் வலுவாக இருந்தன. யாரையும் கேட்காமல் நடந்துபோய் ரோமத்துக்குள் ஏறிக்கொண்டது.

"சிறகே இல்லையே!" என்றார் கொம்பாண்டி.

"இல்லைதான் பெரியவரே. உங்க பிள்ளைல ஒண்ணைக் கூப்பிடுங்க, சிறகோட பறந்து வருதான்னு பார்ப்போம்."

கொம்பாண்டி கூட்டத்தைச் சுற்றிப் பார்த்தார். எந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிடுவது? ஈக்கள் ஒவ்வொன்றாக நழுவின. கடைசியாகப் பறந்த கொம்பாண்டி, வாசலில் ஒருமுறை திரும்பிப் பார்த்தார்.

அன்று முதல்தான் வௌவாலின் ரோமத்தில் வாழும் வௌவால் ஈக்குச் சிறகு கிடையாது. ஒன்றைத்தான் சுமக்கும், வளர்த்துத்தான் பெறும். வௌவாலின் சூடு வந்தால்தான் அதன் கூடு திறக்கும். கூட்டமெல்லாம் பறந்து போனபின், சிறகாயி மட்டும் தலை நிமிர்ந்து, பாறைமேல் நடந்தே போனாள்.