மடைக்கரைத் தெய்வம்

இந்தக் கதையின் முடிவில் வரும் கேள்விக்கு விடை சொல்ல முந்துகிறவர்கள் கொஞ்சம் பொறுக்க வேண்டும். அவசரப்பட்டவர்கள் அநேகமாக எல்லாருமே தப்பான ஆளைத்தான் கைகாட்டியிருக்கிறார்கள்.

நெடுங்கண்மாய் என்று ஓர் ஊர். அங்கே மடை திறப்பது அங்காயியின் புருஷன் இருளப்பனின் வேலை. கண்மாய் பெருகி, இனிமேல் கரை தாங்காது என்ற நிலை வந்தால், இடுப்பில் கயிற்றைக் கட்டிக்கொண்டு அடியில் மூழ்கி மடைக்கல்லை அசைத்து எடுக்க வேண்டும். கயிற்றின் மறுமுனையில் பெரிதாக ஒரு முடிச்சுப் போட்டு, கரைமேல் ஒருவர் அதைப் பிடித்துக்கொண்டு நிற்பார். கீழே இருப்பவன் சுண்டினால் இழுத்துக் கரையேற்ற வேண்டும். மூழ்கியவனின் உயிர் அந்த முடிச்சைப் பிடித்திருக்கிறவன் கையில்.

ஐப்பசி அடைமழையில் இருளப்பன் மூழ்கினான். மடை திறந்தது, ஊர் பிழைத்தது, அவன் பிழைக்கவில்லை. தண்ணீர் அவனை மடைவழியே இழுத்து வெளிவாய்க்காலில் போட்டது. அன்று கயிறு பிடித்தவன் நாட்டாண்மை வைரவநாதரின் அக்காள் மகன் காசிலிங்கம். "கயிறு அறுந்துபோச்சு" என்றார் நாட்டாண்மை. காசிலிங்கம் வாயே திறக்கவில்லை.

ஊர் நம்பியது. அங்காயியும் நம்பியிருப்பாள், உடம்பைக் குளிப்பாட்டுவதற்காக அந்தக் கயிற்றை அவிழ்க்காமல் இருந்திருந்தால். கயிறு முழுசாக இருந்தது. மறுமுனை முடிச்சும் அப்படியே இருந்தது. அறுந்த கயிறு என்றால் முடிச்சு காசிலிங்கத்தின் கையில் அல்லவா மிஞ்சியிருக்க வேண்டும்?

ஊர்க்கூட்டத்தைக் கூட்டிக் கேட்டுவிடுவது என்று தீர்மானித்தாள். அதற்குள் நாட்டாண்மை முந்திக்கொண்டார். ஊருக்காக உயிர்விட்டவனுக்கு மூன்றாம் நாள் காலையில் கரையில் கல் நட்டு, அவனைத் தெய்வமாக்கப் போவதாகத் தண்டோரா போட்டுவிட்டார்.

எவ்வளவு பெரிய மனசு என்று உருகிவிடாதீர்கள். அந்த ஊரில் ஒரு வழக்கம் உண்டு. மனிதன் செத்தால் செத்தான் என்பார்கள். எப்படிச் செத்தான் என்று யாரும் கேட்கலாம். கல் நட்டு, அவன் பெண்டாட்டி அதன்முன் விளக்கேற்றிவிட்டாலோ அவன் தெய்வம். அதற்குமேல் 'தெய்வமானார்' என்றுதான் சொல்ல வேண்டும். தெய்வத்துக்குச் சாவு கிடையாது. சாவே இல்லாத இடத்தில் விசாரணை ஏது? திரி எரியத் தொடங்கிய நிமிஷத்தோடு அங்காயியின் வாய்க்குப் பூட்டு விழுந்துவிடும்.

சரி, விளக்கேற்ற முடியாது என்று சொல்லிவிடலாம். ஆனால் இரண்டு நாளாக மாமியார் ஒச்சம்மா அவள் காலைப் பிடித்துக்கொண்டு கிடக்கிறாள்.

"ஏத்திரு தாயி. கல்லு இல்லாட்டி எம்புள்ள சோறு தண்ணியில்லாமக் காத்தாத் திரிவான். வருசத்துக்கு ஒரு பொங்கலாச்சும் திங்கட்டும்."

பெற்றவள் கேட்பதில் என்ன தப்பு?

மூன்றாம் நாள் காலையில் மழை விட்டிருந்தது. கல்லை நட்டு, மஞ்சள் பூசி, மாலை போட்டார்கள். நாட்டாண்மை நெடுஞ்சாண்கிடையாக விழுந்து, "தெய்வமே, ஊரைக் காப்பாத்து" என்றார். ஒச்சம்மா மடியில் கொண்டுவந்த சோற்றுருண்டையைக் கல்லடியில் வைத்து, "எந்தெய்வமே, தின்னுய்யா" என்று விம்மினாள். பிறகு அங்காயியின் கையில் விளக்கைக் கொடுத்தார்கள்.

அவள் எண்ணெய் ஊற்றினாள், திரியைப் போட்டாள், நெருப்பை வைக்கவில்லை.

"ஐயா, ஒண்ணு கேக்கணும். தெய்வத்து முன்னால யாரும் பொய் சொல்ல முடியுமா?"

"அதெப்படி முடியும்?" என்றார் நாட்டாண்மை, யோசிக்காமல்.

"அப்பச் சரி. கயிறு பிடிச்சவரு இந்தக் கல்லுல கைய வச்சு, கயிறு அறுந்துச்சுன்னு ஒரு வார்த்தை சொல்லட்டும். உடனே ஏத்திர்றேன்."

கூட்டம் விலகி வழிவிட்டது. காசிலிங்கம் பின்னாலிருந்து வந்தான். முகத்தில் ஈயாடவில்லை. கையை நீட்டினான், அது கல்லுக்கு ஒரு சாண் தூரத்தில் நின்றுவிட்டது.

"தொட்டுச் சொல்லித் தொலையேன்டா, வெறும் கல்லுதான" என்று நாட்டாண்மை அவன் காதருகே சீறினார். பக்கத்தில் நின்ற அங்காயிக்கு அது நன்றாகக் கேட்டது.

அவன் தொட்டுவிட்டால் அவள் வாக்குத் தவற முடியாது. விளக்கேற்றியாக வேண்டும், ஏற்றினால் புருஷன் செத்த விதம் அன்றோடு புதைந்துபோகும். அவனை மிரட்டப்போய்த் தன் தலையில் தானே மண்ணை வாரிப் போட்டுக்கொண்டோமோ என்று அவள் பயந்தாள். விரல்கள் இன்னும் கொஞ்சம் முன்னே போயின.

சட்டென்று காசிலிங்கம் கையை இழுத்துக்கொண்டு சேற்றில் முழங்காலிட்டான்.

"தெய்வமே, கயிறு அறுகல. கரை சரியுது, விட்டுட்டு ஓடியாடான்னு எங்க மாமா கத்துனாரு. உசிருக்குப் பயந்து முடிச்ச விட்டுட்டேன். அதுக்கு முன்ன நீ ரெண்டு தடவ சுண்டுன. எனக்குத் தெரிஞ்சுச்சு."

அங்காயி விளக்கை ஏற்றாமலே கீழே வைத்தாள். "மொதல்ல ஊர்க்கூட்டம் கூடட்டும்" என்றாள்.

இப்போது சொல்லுங்கள். அன்று அந்தக் கரையில் மூன்று பேர் 'தெய்வமே' என்றார்கள்: நாட்டாண்மை, பெற்றவள், கயிற்றை விட்டவன். கட்டியவள் ஒரு தடவைகூடச் சொல்லவில்லை. இந்த நால்வரில் இருளப்பனை மெய்யாகவே தெய்வமாக்கியது யார்?

விடை: காசிலிங்கம். நாட்டாண்மைக்கு அது வெறும் கல் என்று அவர் வாயாலேயே வந்துவிட்டது. ஒச்சம்மாவுக்கு அவன் பசியோடு போன பிள்ளை. அங்காயி என்று சொல்லத்தான் பலருக்கும் நாக்குத் துடிக்கும். அவளுக்கு அவன் அநியாயமாகச் செத்த மனிதன், அதைச் சொல்லவைக்கத்தான் இத்தனை பாடும். இருளப்பன் இரண்டு தடவை சுண்டியது கரையில் தன்னைத் தவிர யாருக்கும் தெரியாது, ஆனால் அந்தக் கல்லுக்குத் தெரியும் என்று பயந்தவன் காசிலிங்கம் ஒருவனே. ஊர்க்கூட்டத்திலும் இதையே சொன்னார்கள். அங்காயி மறுக்கவில்லை. "அவனுக்கு வேணும்னாத் தெய்வமா இருந்துட்டுப் போகட்டும். எனக்கு அவரு வீட்டுக்கு வந்திருக்கணும்" என்றாள்.