மிச்ச தூரம்

ஐப்பசி மாதம், மாலை நான்கு மணி பத்து நிமிடம். காலையில் பிடித்த மழை அப்போதுதான் விட்டிருந்தது; சாலிகிராமத்துத் தெருக்களில் கணுக்கால் அளவு தண்ணீர். செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு பெனடிக்ட் தம் குருவின் எடிட்டிங் அறைக்குள் நுழைந்தார்.

பள்ளிக்கூடத்தில் கணக்கு நடத்தியவர் அவர். நாற்பத்தைந்து வயதில் அந்த வேலையை உதறிவிட்டு, தம்மைவிட இளையவரான வேதநாயகியிடம் படத்தொகுப்புக் கற்க வந்து சேர்ந்தார். அந்த அம்மாள் அவரை 'வாத்தியாரே' என்றுதான் கூப்பிடுவார். மற்ற உதவியாளர்களுக்குச் சிரிப்பு அடங்கச் சில நாள் பிடித்தது.

வேதநாயகிக்கு ஒரு கட்டுப்பாடு உண்டு. தாம் தொகுக்கும் படத்தின் படப்பிடிப்புப் பக்கம் தலைவைத்துக்கூடப் படுக்கமாட்டார். காரணம் கேட்டால் சொல்லவும் மாட்டார்.

பெனடிக்ட் படப்பிடிப்புக்குப் போய்விட்டார். தனியாகத் தொகுக்கக் கிடைத்த முதல் படம், ஆசை விடவில்லை. கொள்ளிடத்தில் வெள்ளம் புரண்ட நாளில், தங்கையா என்ற மேடை நடிகர் காய்ச்சலோடு அக்கரைவரை தாமே துடுப்பு வலித்ததைக் கண்ணால் கண்டார். கரையேறியவரின் உள்ளங்கைகள் கிழிந்திருந்தன. மனம் தாங்காமல் அந்தக் கைகளைப் பிடித்துக்கொண்டு, இதில் ஒரு துளிகூட வெட்டமாட்டேன் என்று வாக்குக் கொடுத்துவிட்டார்.

வெட்டவும் இல்லை. படம் அந்த இடத்தில் வந்து உட்கார்ந்துகொண்டது. மறுநாள் காலை எல்லாரும் பார்க்க வரும்போதும் அது அப்படியே உட்கார்ந்திருந்தால், வேறு எடிட்டரிடம் கொடுத்துவிடுவதாக இயக்குநர் சொல்லிவிட்டுப் போயிருந்தார்.

இவ்வளவையும் வேதநாயகி குறுக்கிடாமல் கேட்டார்.

"ஒருத்தர் ரத்தம் சிந்திக் கொடுத்ததை எப்படி மேடம் வெட்டுறது?"

வேதநாயகி எழுந்து வந்தார். பெனடிக்டின் நாற்காலியைத் திரைக்கு முதுகு காட்டும்படி திருப்பிப் போட்டார்.

"நீங்க படத்தைப் பாக்க வேணாம். என்னைப் பாருங்க."

படகு புறப்பட்டது. பெனடிக்டுக்குத் துடுப்பின் ஓசை மட்டுமே கேட்டது. எதிரே, திரையின் வெளிச்சம் விழுந்த முகம். எத்தனையோ படங்களைப் பார்த்துச் சலித்திருக்க வேண்டிய கண்கள், முதன்முதலாக ஆற்றைக் காணும் குழந்தையின் கண்களாக விரிந்தன. வெள்ளம் அவற்றில் புரண்டது. பெனடிக்டுக்கு மெய்சிலிர்த்தது. பிறகு, துடுப்பின் ஓசை இன்னும் கேட்டுக்கொண்டிருக்கும்போதே, அந்த முகத்தில் படகு இல்லாமல் போயிற்று. கண்கள் மரியாதைக்குத் திறந்திருந்தன.

"நான் எங்க இறங்கினேன், வாத்தியாரே?"

"நடு ஆத்துல, மேடம்."

"மிச்ச தூரம் யாரு வலிச்சது?"

பெனடிக்ட் தயங்கினார். "நான். கண்ணால பாத்தவன்."

வேதநாயகி படகை நடு ஆற்றில் வெட்டினார். ஒதுக்கி வைத்திருந்த துண்டுகளில் தேடி, கதைப்படி அக்கரையில் காத்திருக்கும் மனைவியின் முகத்தை எடுத்து அதன்பின் வைத்தார். நாற்காலியைத் திரும்பப் போட்டுக்கொள்ளும்படி சைகை காட்டினார்.

நடு ஆற்றில் படகு. பிறகு அந்தப் பெண்ணின் முகம். தொலைவில் இருந்த அவள் பார்வை மெல்ல மெல்ல அருகே வந்தது, தாழ்ந்தது, நின்றது. அவ்வளவுதான்.

பெனடிக்ட் நாற்காலியின் கைகளை இறுகப் பற்றியிருந்தார்.

"படகு கரை சேந்துடுச்சே, மேடம். அதை எங்க வச்சீங்க?"

"நான் வைக்கலியே."

மறுநாள் காலை மழை மீண்டும் பிடித்துக்கொண்டது. வேதநாயகி எல்லாருக்கும் முன்பே வந்து, திரையின் ஓரத்தில் அதற்கு முதுகு காட்டி நின்றபடி, பார்ப்பவர்களின் முகங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். இயக்குநர் கையில் வாங்கிய டீயைக் குடிக்க மறந்தார். பெனடிக்ட் கடைசி வரிசையில் தலைகுனிந்து உட்கார்ந்திருந்தார். கொடுத்த வாக்கு நெஞ்சில் குத்திக்கொண்டிருந்தது.

படம் முடிந்ததும் தங்கையா நேராக அவரிடம் வந்தார். தழும்பேறிய உள்ளங்கைகளால் அவர் கைகளைப் பற்றிக்கொண்டார்.

"சொன்ன மாதிரியே முழுசா வச்சிட்டீங்க தம்பி. அக்கரை வரைக்கும். பாக்கப் பாக்க என் கை எரிஞ்சுது."

உண்மையைச் சொல்ல பெனடிக்ட் வாயெடுத்தார். எதிரே இருந்த முகத்தில் வெள்ளம் இன்னும் வடியவில்லை.

வாயை மூடிக்கொண்டு, அந்தக் கைகளைத் தாமும் பிடித்துக்கொண்டார்.