கேட்காமல் பிடித்த கயிறு

காதைக் கொடுங்கள், சின்னவர்களே, பெரியவர்களே! நம் பாட்டனுக்குப் பாட்டன் பிறப்பதற்கும் முன்னே, ஜப்பான் தேசத்தில் ஒரு கடலோர ஊர் இருந்தது. அங்கே பெண்கள்தான் முக்குளித்துச் சிப்பி எடுப்பார்கள். ஆண்கள் படகில் உட்கார்ந்து, அவர்கள் இடுப்பில் கட்டிய கயிற்றைப் பிடித்திருப்பார்கள். கீழிருந்து சுண்டினால் மேலே இழுக்க வேண்டும். தகப்பனோ கணவனோ தவிர வேறு யாரும் அந்தக் கயிற்றைத் தொடக் கூடாது. உயிர் விஷயம் அல்லவா!

ஹிசா என்ற பெண் அதில் படு கெட்டிக்காரி. தாய் இல்லை. கயிறு அப்பா தொகுபேயின் கையில்.

மலைமேல் காகிதம் செய்யும் யசுகே மேல் அவளுக்குக் கொள்ளை ஆசை. வசந்தத்தில் அவன் வந்து, அப்பாவுக்குத் தெரியாமல், "என்னைக் கட்டிக்கிறியா?" என்று கேட்டான். மாட்டேன் என்றாள். கோடையில் வந்து கேட்டான். மாட்டேன் என்றாள். இலை உதிரும் காலத்திலும் வந்தான். மாட்டேன் என்று சொல்லிவிட்டுக் கடலுக்குள் போய் அழுதாள். தான் மலையேறிவிட்டால் அப்பா பட்டினி கிடப்பார் என்று பயம். அதை அப்பாவிடம் ஒரு வார்த்தை பேசினாளா? அதுதான் இல்லை!

மறுநாள் ஆழத்தில் கயிற்றைச் சுண்டினாள். யாரும் இழுக்கவில்லை. மறுபடி சுண்டினாள். இழுக்கவில்லை. மூன்றாம் முறையும் சுண்டினாள். நெஞ்சு வெடித்துவிடும் போலிருந்தது. காலை உதைத்து, உதைத்து, தானே மேலே வந்து படகைப் பற்றினாள்.

படகில் அப்பா தோளைப் பிடித்துக்கொண்டு அழுதுகொண்டிருந்தார்.

"கை தூக்க முடியலம்மா. உன்னைக் கொன்னிருப்பேனே! ரெண்டு வருஷமாவே இந்த வலி."

"ஏம்ப்பா சொல்லல?"

"உனக்குக் கடல்னா உயிராச்சே. நான் கயித்தை விட்டா நீ எப்படி முங்குவே? அதான் பல்லைக் கடிச்சுக்கிட்டு இழுத்தேன்."

"எனக்காகவா? நான் உங்களுக்காகத்தானே முங்கினேன்! யசுகே மூணு தடவை கேட்டும் மாட்டேன்னுட்டேன்."

"மூணு தடவையா? அடி பைத்தியக்காரி!"

பாருங்கள் இந்தக் கூத்தை! இருவரும் அழுதார்கள், பிறகு படகே ஆடும்படி சிரித்தார்கள்.

அந்த வாரமே படகைப் பக்கத்து வீட்டுப் புதுத் தம்பதிக்குக் கொடுத்துவிட்டு, இருவரும் மலையேறினார்கள். முன்னால் போனவர் அப்பாதான். யசுகேயின் காகிதப் பட்டறையில் உட்கார்ந்தபடியே, காகிதம் செய்யும் மரப்பட்டையில் தூசி பொறுக்கும் வேலை எந்நாளும் உண்டு. அதற்குத் தோள் வேண்டாம். வாசலுக்கு வந்த யசுகேயிடம், "என் பொண்ணு நாலாவது தடவைக்கு சரின்னு சொல்றா, கேளுப்பா!" என்றார்.

பெற்றவருக்காக ஆசையை விட்டுக்கொடுக்குமுன், அந்தத் தியாகம் அவருக்கு வேண்டுமா என்று அவரையே கேட்டுவிட வேண்டும்.