முதுகில் குத்திய இலை

தாமரைக் குளக்கரையில் ஒரு முள்ளம்பன்றி கிழங்குக் கடை வைத்திருந்தது.

காட்டில் அதன் அருகே யாரும் வருவதில்லை. முள் குத்திவிடுமோ என்று பயம். கடையில் இருக்கும்போது மட்டும் முயலும் அணிலும் எதிரே உட்கார்ந்து கதை பேசும்.

“இன்றைக்குக் கிழங்கு இனிக்குமா அண்ணே?” என்று முயல் கேட்கும்.

“நேற்று தின்றதை அதற்குள் மறந்துவிட்டாயா?” என்று முள்ளம்பன்றி சிரிக்கும். அந்தப் பேச்சுக்காகவே அது நாள்தோறும் மண்ணைத் தோண்டியது.

கடைக்கு ஆண்டுதோறும் அனுமதி வாங்க வேண்டும். குளக்கரை அதிகாரியான நாரை, இம்முறை ஓர் ஆலிலையை நீட்டியது. ‘உன் முட்கள் பாதையில் உதிர்கின்றன. கடைக்கு அனுமதி இல்லை’ என்று அதில் எழுதியிருந்தது.

“அநியாயம்!” என்று கத்தியது முள்ளம்பன்றி.

“முழுக்கப் படித்துவிட்டுக் கத்து!” என்றது நாரை.

“படித்தாகிவிட்டது! இனி சிங்க மகாராஜாவிடமே பேசிக்கொள்கிறேன்!”

இலையை எடுத்துப்போக, அதைத் தரையில் போட்டு அதன்மேல் புரண்டது. இலை முதுகு முள்ளில் குத்திக்கொண்டது. அதன் பின்பக்கம் இப்போது வெளியே தெரிந்தது. ஆனால், அதைப் படிக்கும் அளவுக்கு நெருங்கி நடக்க யாரும் இல்லை.

ஆற்றுத்துறையில் யானை குளித்துக்கொண்டிருந்தது. “எங்கேப்பா இவ்வளவு வேகம்? முகமே சரியில்லையே!”

“பெரிய இடத்துக்கு அத்தை! இங்கே எனக்கு யார் இருக்கிறார்கள்?” நிற்காமல் நடந்தது முள்ளம்பன்றி.

ஐந்து நாள் நடை. வழியெல்லாம் தனக்குத் தானே வழக்கைப் பேசிப் பார்த்துக்கொண்டது. கேட்க வேறு யாரும் இல்லை.

சிங்கத்தின் சபையில், நரி அதன் முதுகிலிருந்த இலையை மெல்ல உருவியது. பின்பக்கத்தை உரக்கப் படித்தது: “‘இதை ஏற்காதவர் ஏழு நாளுக்குள் ஆற்றுத்துறை யானையிடம் முறையிடலாம்.’”

முள்ளம்பன்றி திகைத்தது.

“யானையிடம் கேட்டாயா?” என்றது சிங்கம்.

“இல்லை மகாராஜா. இந்தப் பக்கத்தை நான் பார்க்கவே இல்லை.”

“அவள் விசாரிக்க வேண்டியதை, அவள் விசாரிக்கும் முன்பே நான் விசாரிக்க முடியாது. அவளும் மறுத்தால், அப்போது வா!”

“இன்னும் இரண்டு நாள்தானே இருக்கிறது! திரும்பிப் போகவே ஐந்து நாள் ஆகுமே!”

சிங்கம் அடுத்த வழக்கைக் கூப்பிட்டது.

பத்தாம் நாள், கால் வீங்க அது ஆற்றுத்துறைக்கு வந்து நடந்ததைச் சொன்னது. யானை பெருமூச்சு விட்டது.

“அன்றைக்கு ஒரு நிமிடம் நின்றிருக்கக் கூடாதா? மாலையில் பாதையைக் கூட்டிவிடு, கடையை நடத்து என்று சொல்லியிருப்பேன். விஷயம் அவ்வளவுதான்! இப்போது கெடு முடிந்துவிட்டதே. அடுத்த ஆண்டு மனுப் போடு.”

முள்ளம்பன்றி குளக்கரைக்குப் போனது. கடை இருந்த இடத்தில் புல் முளைக்கத் தொடங்கியிருந்தது. எதிர்க்கரையில் முயலும் அணிலும் ஏதோ சொல்லிச் சிரிப்பது கேட்டது. என்ன சொல்கின்றன என்பதுதான் கேட்கவில்லை.

நியாயம் தேடித் தொலைதூரம் போகுமுன், பக்கத்தில் இருக்கும் கதவுகளைத் தட்டிப் பார்த்துவிட வேண்டும்.