நாலடி முடுக்கு

மனுவைப் படிக்கும்போதே அமீனுக்குச் சந்தேகம் தட்டியது. அவர் புதிதாகத் தேர்வாகி, முன்சீப் எஸ்தர் ஜெபமணியிடம் பயிற்சிக்கு வந்திருந்த நீதிபதி.

மனு சின்னதுதான். புஷ்பக்கனி வீட்டுக்குப் போகும் முடுக்கைப் பக்கத்து வீட்டுக்காரர் மறித்துவிட்டார். நாலடி அகலம் வழி விட வேண்டும் என்று எஸ்தர் தீர்ப்பளித்திருந்தார். அது எட்டடி, டைப்பிங்கில் தவறிவிட்டது, திருத்தித் தர வேண்டும் என்பது கோரிக்கை.

"ஆட்டோ நுழையலம்மா. என் வீட்டுக்காரரைத் தோள்ல போட்டுக்கிட்டு மெயின் ரோடு வரைக்கும் வாரேன்" என்று காலையில் புஷ்பக்கனி கோர்ட்டில் அழுதாள். கணவருக்குச் சிறுநீரகம் போய்விட்டது. ஆஸ்பத்திரிக்குப் போகாமல் இருக்க முடியாது.

"அழுதா நம்பிடக் கூடாதும்மா" என்றார் அமீன், சேம்பரில்.

"சரி."

"அவங்க வக்கீலையும் நம்பக் கூடாது. தீர்ப்புல கிடைக்காததைப் பிழைன்னு சொல்லி வாங்கப் பாக்குறாரு."

"இருக்கலாம்."

எஸ்தர் டைப்பிஸ்ட் ராமலெட்சுமியைக் கூப்பிட்டார்.

"நான் நாலுன்னு சொன்னேனா, எட்டுன்னு சொன்னேனா?"

ராமலெட்சுமி யோசிக்கவே இல்லை. "எட்டுன்னுதாம்மா சொன்னீங்க. நான்தான் தப்பா அடிச்சிட்டேன்."

"விளக்கம் கேட்டு மெமோ வரும்."

"வரட்டும்மா. இந்தக் கட்டடத்துல மழை ஒழுகுனாக்கூட டைப்பிஸ்ட் தப்புதானே!"

சிரித்துக்கொண்டே போனாள்.

கதவு சாத்தியதும் அமீன் குரலைத் தாழ்த்தினார். "யாராவது மெமோவைக் கேட்டு வாங்குவாங்களா? எங்கேயோ கை நீட்டிக் காசு வாங்கியிருக்காங்க."

"பொய் சொல்றாங்கதான்."

"நான் சொல்லல?"

"மனுதாரர், வக்கீல், டைப்பிஸ்ட். எல்லாரையும் சந்தேகப்பட்டீங்க. தீர்ப்பு சொன்னவளை ஏன் விட்டீங்க?"

அமீன் நிமிர்ந்தார்.

"நாலுன்னு சொன்னது நான். தெரிஞ்சேதான் சொன்னேன். வரைபடத்தைப் பாத்து, ஆள் நடக்க இது போதும்னு முடிவு பண்ணேன். முடுக்கைப் போய்ப் பாக்கல. அந்தம்மா வீட்டுக்காரரைப் பத்திக் கேக்கவும் இல்ல. ராமலெட்சுமிக்கு இது தெரியும். என்னைக் காப்பாத்துறாங்க."

அமீன் மனுவை மறுபடி கையில் எடுத்தார். "அப்படின்னா திருத்திடலாமேம்மா. எட்டடிதானே நியாயம்?"

எஸ்தர் டைப்பிஸ்டைக் கூப்பிடவில்லை. தன் கையாலேயே உத்தரவை எழுதி அவரிடம் நீட்டினார்.

மனு தள்ளுபடி. நாலடி என்பது யாருடைய கைப்பிழையும் அல்ல. இடத்தைப் பார்க்காமல் நான் எடுத்த முடிவு. மறுஆய்வு கோரினால் இருதரப்பும் விசாரிக்கப்படும்.

"மேல உள்ளவங்க இதைப் படிச்சா உங்களை என்ன நினைப்பாங்க?"

"நினைக்கட்டும். மறுஆய்வு மனுவை இன்னைக்கே போடச் சொல்லுங்க. பக்கத்து வீட்டுக்காரரையும் கூட வச்சுக்கிட்டு முடுக்கைப் பாத்துடுவோம்."

"அதுவரைக்கும் அந்தம்மா தோள்லதானே தூக்கணும்? நாலை எட்டாக்குனா இன்னைக்கே ஆட்டோ போகும். நல்லதுக்குத்தானேம்மா?"

எஸ்தர் பேனாவை மூடினார்.

"நல்லதுக்குன்னு இன்னைக்கு என் தப்பை ராமலெட்சுமி தலையில போடுறேன். நாளைக்குக் கெட்டதுக்குப் போட்டா, நீங்க யாரைச் சந்தேகப்படுவீங்க?"