பாவ்ஷாவும் பெயரில்லாத மாதமும்

மாதத்தை நிலவைப் பார்த்து மட்டுமே எண்ணிய அந்தக் காலத்தில், பறவைக்கும் மனிதருக்கும் பேச்சு ஒன்றாகவே இருந்தது.

மராட்டிய நாட்டில், பீமா ஆற்றங்கரையில் ஆம்பேவாடி என்று ஓர் ஊர். அங்கே விதைப்பு நாளைக் கூவி அறிவிக்கும் பொறுப்பைப் பாவ்ஷா என்ற பறவையிடம் கொடுத்திருந்தார்கள். சாம்பல் நிற உடம்பு, வரி போட்ட வால்; தூரத்திலிருந்து பார்த்தால் சின்ன வல்லூறு மாதிரி இருப்பான். ஆஷாட மாதம் பிறந்ததும் ஊர் ஜோசியர் தாதோபா களத்துமேட்டுக்கு வந்து, "கூவப்பா" என்பார். பாவ்ஷா களத்தோரத்து அத்திமரத்தின் உச்சிக்கு ஏறி, "பேர்த்தே வா! பேர்த்தே வா!" என்று கூவுவான். அந்த ஊர்ப் பேச்சில் அதற்கு 'விதையுங்கள்' என்று பொருள். அந்தக் குரல் கேட்காமல் யாரும் ஒரு மணி கம்பைக்கூட மண்ணில் போடமாட்டார்கள்.

அந்த அத்திமரத்தில்தான் பாவ்ஷாவும் அவன் பேடை சாவ்ளியும் கூடு கட்டிக் குஞ்சு பொரித்து வந்தார்கள்.

மாதங்களுக்குப் பெயர் வைத்து அப்போது மூன்று வருஷம்கூட ஆகவில்லை. பன்னிரண்டு நிலவு முடிந்தால் ஒரு வருஷம் என்று தாதோபா வகுத்திருந்தார். நிலவின் வருஷம் சூரியனின் வருஷத்தைவிடப் பதினொரு நாள் குறைவு என்பது அவருக்குத் தெரியாது. பண்டிகைகள் சத்தமில்லாமல் முன்னால் நகர்ந்துகொண்டே இருந்தன. தீபாவளி விளக்குகளை மழை வந்து அணைத்தது. புத்தாண்டான குடி பாட்வா அன்று மூங்கிலில் கட்ட வேப்பந்தளிர் கிடைக்கவில்லை. வேம்பு அப்போதுதான் பழைய இலைகளை உதிர்த்துக்கொண்டிருந்தது. ஊரார் முணுமுணுத்தார்கள், பிறகு மறந்துவிட்டார்கள்.

மூன்றாம் வருஷம் வெயில் உச்சத்தில் இருக்கும்போதே தாதோபா அத்திமரத்தடிக்கு வந்து நின்றார்.

"நேற்றோடு அமாவாசை முடிந்தது. இன்று ஆஷாடம் பிறந்துவிட்டது. கூவப்பா."

பாவ்ஷா கிளை மாறி உட்கார்ந்தான். "ஜோசியரே, எறும்பு இன்னும் முட்டையைத் தூக்கிக்கொண்டு மேட்டுக்கு ஏறவில்லை. காக்கை கூட்டுக்குச் சுள்ளி பொறுக்கவில்லை. காற்றில் துளி ஈரம் இல்லையே."

"எறும்பைக் கேட்டுக்கொண்டா நான் மாதம் சொல்கிறேன்? எண்ணுவது என் வேலை. கூவுவது உன் வேலை."

பாவ்ஷாவுக்கு மனம் ஒப்பவில்லை. ஆனால் கீழே ஊரே கூடி நின்றது; எல்லா முகங்களும் அவனையே பார்த்தன. கண்ணை மூடிக்கொண்டு கூவிவிட்டான்.

அன்றே ஏர் பூட்டினார்கள். ரக்மாபாய் என்று ஒருத்தி இருந்தாள். புருஷன் செத்த பிறகு இரண்டு பெண் குழந்தைகளை வைத்துக்கொண்டு தானே ஏர் பிடித்தவள். குதிரில் இருந்த விதைக்கம்பில் பாதியை எடுத்து விதைத்தாள். மற்ற வீடுகளிலும் ஏறக்குறைய அப்படித்தான்.

மழை வரவில்லை. மேலே கிடந்ததைக் கௌதாரிகள் தின்றன, உள்ளே கிடந்ததை வெயில் வறுத்தது. எட்டாம் நாள் ரக்மாபாய் உழவுச் சாலில் விரலை விட்டு ஒரு விதையை எடுத்தாள். நசுக்கினாள், பொடியாக உதிர்ந்தது. நேராக அத்திமரத்துக்கு வந்தாள்.

"நீ கூவினாய். நான் விதைத்தேன்" என்றாள். திரும்பிப் போய்விட்டாள்.

திட்டியிருந்தால்கூடப் பாவ்ஷா தாங்கியிருப்பான். அன்றிலிருந்து அவனால் ஓரிடத்தில் உட்கார முடியவில்லை. ஒரு கிளையில் கால் வைத்தால் அடுத்த கிளைக்குத் தாவத் தோன்றும். விடிந்ததும் மேற்கே பறப்பான். சஹ்யாத்ரி மலையுச்சிவரை போய் வானத்தைப் பார்ப்பான். வெள்ளையாக வெறுமையாக இருக்கும். திரும்புவான். மறுபடி போவான்.

சாவ்ளி அலகில் சுள்ளியோடு காத்திருப்பாள். "கூடு பாதியில் நிற்கிறது. எனக்கு நாள் நெருங்கிவிட்டது. ஒரு நார் எடுத்துக் கொடுத்துவிட்டாவது போயேன்."

"இதோ, மேற்கே ஒரு நடை பார்த்துவிட்டு வந்துவிடுகிறேன்" என்பான் அவன்.

பதின்மூன்றாம் நாள் தாதோபா மறுபடி வந்தார். கூடவே ஊராரும் வந்தார்கள்.

"ஆஷாடத்தில் வளர்பிறை முடியப்போகிறது. இதற்குமேல் தாமதித்தால் வருஷமே போய்விடும். மீதி விதையைப் போடச் சொல்லிக் கூவு."

"கூவமாட்டேன்."

"என்ன?"

"இது ஆஷாடம் இல்லை ஜோசியரே."

கூட்டத்தில் ஒருவன் சிரித்தான். தாதோபாவுக்கு முகம் சிவந்தது. "ஆஷாடம் இல்லையென்றால் இது என்ன மாதம்? சொல்லேன் பார்ப்போம்."

"பெயர் தெரியாது. இதில் போடும் விதை முளைக்காது, அது மட்டும் தெரியும். ஒரு தடவை உங்கள் பேச்சைக் கேட்டுக் கூவினேன். பாதி விதை போனது. மீதியும் போனால் உங்கள் குழந்தைகள் எதைத் தின்னும்?"

"மரத்தை உனக்கென்று விட்டோமே, அதற்கு இதுவா பதில்?" என்று யாரோ கத்தினார்கள். முதல் கல் பறந்தது. பிறகு கல்மழை. பாதிக் கூடு சரிந்து கீழே விழுந்தது. சாவ்ளி அலறிக்கொண்டு பறந்தாள். பாவ்ஷா அடுத்த மரத்துக்குப் போனான். அங்கேயும் கல் வந்தது. அதற்கடுத்த மரத்துக்குப் போனான். ஆனால் வாய் திறக்கவில்லை.

சிலர் அவன் கூவாவிட்டாலும் பரவாயில்லை என்று குதிர்களைத் திறக்கப் போனார்கள். அப்போது ரக்மாபாய் தன் வீட்டு வாசலில், மீதி விதை இருந்த பானையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள்.

"அன்றைக்கு அவன் மனசில்லாமல் கூவினான். குரலிலேயே தெரிந்தது, ஆனாலும் விதைத்தேன். இன்றைக்குக் கல்லடி பட்டும் கூவமாட்டேன் என்கிறான். நான் இதை நம்புகிறேன். என் விதை மண்ணில் இறங்காது" என்றாள்.

அவளே பொறுத்திருக்கும்போது நாம் எப்படி அவசரப்படுவது என்று மற்றவர்களும் தயங்கி நின்றுவிட்டார்கள்.

அதற்குப் பிறகு அந்த மாதம் நகரவே மறுத்தது. யாரும் கல்யாணம் பேசவில்லை. யார் வீட்டிலும் பண்டிகை இல்லை. ஆண்கள் மேற்கே பார்த்துக்கொண்டு தெருவில் குறுக்கும் நெடுக்கும் நடந்தார்கள். மாடுகள் கட்டுத்தறியில் கால் மாற்றிக்கொண்டே நின்றன. ரக்மாபாய் தினமும் பானைக்குள் கைவிட்டுப் பார்ப்பாள், விதை இருக்கிறதா என்று. பாவ்ஷா மலைக்கும் ஊருக்குமாக அலைந்து பாதியாக இளைத்துப்போனான்.

சாவ்ளிக்கு முட்டையிடும் நாள் வந்துவிட்டது. கூடில்லை. துணையும் இல்லை. வேலியோரத்துக் கருவேலத்தில் தவிட்டுக்குருவிகள் கூட்டமாக இருந்தன. அவற்றின் கூட்டில் பளிச்சென்ற நீல முட்டைகள் கிடந்தன. சாவ்ளியின் முட்டையும் நீலம்தான்.

"அக்கா, இதை உங்களோடு வைத்துக்கொள்கிறீர்களா? மழை வந்ததும் எடுத்துக்கொள்கிறேன்" என்று கேட்டாள்.

"எங்கள் வீட்டில் ஏழு பேர் சேர்ந்து குஞ்சு வளர்க்கிறோம். இன்னும் ஒரு குஞ்சு வந்தால் என்ன? இட்டுவிட்டுப் போ" என்றது தவிட்டுக்குருவி.

அன்று மாலை பாவ்ஷா திரும்பியபோது சாவ்ளி நடந்ததைச் சொன்னாள். அவன் வேலிவரை போனான். கூட்டை எட்டிப் பார்த்தான். எந்த முட்டை தன்னுடையது என்று தெரியவில்லை. மறுபடி மேற்கே பறந்துவிட்டான்.

அமாவாசைக்கு மறுநாள் காலையில் சஹ்யாத்ரிக்குப் பின்னால் கரும்பாறை போல ஒன்று எழுந்தது. மேகம்! பாவ்ஷா அதற்கு முன்னால் ஊரைப் பார்த்துப் பறந்தான். வழியெல்லாம் கூவினான். "பேர்த்தே வா! பேர்த்தே வா!" மழை தன்னை முந்திவிடுமோ என்ற பயத்தில் ஒவ்வொரு கூவலும் முந்தியதைவிட மேலே ஏறியது. ஏறி ஏறி, குரல் சட்டென்று உடைந்தது. மூச்சு வாங்கிக்கொண்டு மறுபடி கீழிருந்து தொடங்கினான்.

ரக்மாபாய் முதலில் கேட்டாள். பானையோடு வயலுக்கு ஓடினாள். முதல் துளி விழுவதற்குள் ஊரே வயலில் இருந்தது. நாலாம் நாள் கருமண்ணில் பச்சை ஊசிகள் போலக் கம்பு முளைத்தது.

மழை தொடங்கிய அன்றே தாதோபா நனைந்தபடி களத்துமேட்டில் வந்து நின்றார். கண் கலங்கியிருந்தது. "நிலவை எண்ணினேன், சூரியனைப் பார்க்கவில்லை. போன மாதம் கூடுதலாக வந்த மாதம். அதற்கு அதிக ஆஷாடம் என்று பெயர் இருக்கட்டும். நிஜமான ஆஷாடம் இன்றுதான் தொடங்குகிறது. நிலவு முன்னால் ஓடும்போதெல்லாம் இப்படி ஒரு மாதத்தை நடுவில் நிறுத்துவோம்" என்று ஊருக்குச் சொன்னார். பிறகு மரத்தைப் பார்த்துக் கைகூப்பினார். "மரம் உன்னுடையதுதான். வந்து கூடு கட்டிக்கொள்ளப்பா."

கம்பு முழங்கால் உயரம் வளர்ந்தபோது பாவ்ஷாவும் சாவ்ளியும் குஞ்சை அழைத்துவர வேலிக்குப் போனார்கள். அது வளர்ந்திருந்தது. சாம்பல் உடம்பு, வரி போட்ட வால், அப்படியே அப்பனை உரித்து வைத்தது போல. பாவ்ஷா பக்கத்தில் போய் உட்கார்ந்ததும் அது பயந்து, "அம்மா!" என்று கத்திக்கொண்டு தவிட்டுக்குருவியின் சிறகடியில் நுழைந்தது. அது குருவியைவிடப் பெரிதாக இருந்தது. தலை மட்டும்தான் உள்ளே போனது.

பாவ்ஷா இரண்டடி பின்வாங்கி உட்கார்ந்தான். "இங்கேயே இருக்கட்டும்" என்றாள் சாவ்ளி.

குஞ்சில்லாமல் கூடு எதற்கு என்று அத்திமரத்துக்கு அவர்கள் போகவே இல்லை.

அந்த வருஷத்திலிருந்துதான் மராட்டிய நாட்டில் ஏறக்குறைய மூன்று வருஷத்துக்கு ஒருமுறை பண்டிகையும் கல்யாணமும் இல்லாத அதிக மாதம் வருகிறது. பாவ்ஷா இனம் கூடு கட்டாமல் தவிட்டுக்குருவியிடம் முட்டையை விட்டுவிட்டு, மழைக்கு முன்னால் மரத்துக்கு மரம் தாவி, குரல் உடையும்வரை கூவிக்கொண்டிருக்கிறது.